பந்தயத் திடலில் வேலி எதற்கு?



ஜூபிலி விழாக் குழு கூடிய ஒரு மாலையில் நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறோம். திருப்பலி, தேர்ப்பவனி, அன்னதானம், மலர் வெளியீடு என ஒவ்வொன்றாகப் பேசி முடித்து, விளையாட்டுப் போட்டிக்கு வந்தோம். அப்போது இளைஞர் ஒருவர் எழுந்தார். “சாமி, பெரிய பள்ளிக்கூடங்களோடு மோதினால் நம்ம பிள்ளைங்க முதல் சுற்றிலேயே திரும்பிவிடுகிறார்கள். சுற்றுவட்டாரப் பங்குகளில் இருக்கிற நம்முடைய சின்னப் பள்ளிகள் மட்டும் ஒன்றுசேர்ந்து, வருடா வருடம் நமக்குள்ளேயே ஒரு பந்தயம் வைத்துக்கொண்டால் என்ன? கோப்பையும் நம்மிடமே இருக்கும்” என்றார். பலர் கை தட்டினர். “மற்ற பிள்ளைகள் வந்து பார்க்கட்டும்; ஆடுவது நம்ம பிள்ளைகளாக இருக்கட்டும்” என்று பெரியவர் ஒருவரும் சேர்ந்துகொண்டார்.

யோசித்துச் சொல்கிறோம் என்று அன்று கூறினோம். நாம் யோசித்ததே இக்கட்டுரை. ஏனெனில் இப்படிப்பட்ட பந்தயங்கள் உலகில் முன்னரே நடந்திருக்கின்றன. சில புகழின் உச்சிக்கே சென்றிருக்கின்றன. அவை இன்று இல்லை. ஏன் பிறந்தன, ஏன் மறைந்தன என்று அறிந்துகொண்டால் நம் கேள்விக்கு விடை தானே கிடைக்கும்.

அடைக்கப்பட்ட கதவு

நம்மைப் போலவே கத்தோலிக்கப் பள்ளிகள் தனிப் பந்தயம் நடத்திய கதை அமெரிக்காவில் உண்டு. அந்நாட்டின் இந்தியானா மாநிலத்தில் கூடைப்பந்து என்றால் ஊரே கடையடைத்துவிட்டுப் போகும். அங்கு உயர்நிலைப் பள்ளிகளின் விளையாட்டுச் சங்கம் 1903-இல் தொடங்கப்பட்டது. 1911 முதல் மாநில அளவில் பள்ளிகளுக்கான கூடைப்பந்துப் பந்தயம் நடந்தது. பெரிய பள்ளி, சிறிய பள்ளி என்ற பாகுபாடு அதில் இல்லை. நகரத்துப் பள்ளியும் பட்டிக்காட்டுப் பள்ளியும் ஒரே கோப்பைக்கு ஆடின.

ஆனால் எல்லாருக்கும் அதில் இடம் இருந்ததா? இல்லை! கத்தோலிக்கப் பள்ளிகளுக்கும் கறுப்பின மாணவர் பள்ளிகளுக்கும் சங்கத்தின் கதவு 1942 வரை அடைத்தே கிடந்தது. 1920-களில் அம்மாநிலத்தில் கூ க்ளக்ஸ் கிளான் என்னும் வெறியர் கூட்டம் ஓங்கியிருந்தது. கறுப்பர், யூதர், கத்தோலிக்கர் ஆகிய மூவரையும் அது பகைவராக எண்ணியது. அந்தச் சூழலில் நம் சபைப் பிள்ளைகள் என்ன செய்ய முடியும்? தங்களுக்குள் கூடி ஆடினார்கள். நாட்டின் பல பகுதிகளிலிருந்தும் கத்தோலிக்கப் பள்ளிகள் சிக்காகோவில் கூடின. அங்குள்ள இலயோலா பல்கலைக்கழகம், நம் சென்னை இலயோலா கல்லூரியைப் போலவே சேசு சபையாரின் நிறுவனம். அங்கு 1924 முதல் 1941 வரை அகில அமெரிக்கக் கத்தோலிக்கப் பள்ளிகளின் கூடைப்பந்துப் பந்தயம் நடந்தது. பொதுச் சங்கம் ஏற்காத பிள்ளைகளும் அங்கு ஓடினார்கள், வென்றார்கள், தோற்றார்கள், தோழமை கொண்டார்கள்.

அந்தப் பந்தயத்தைக் குறை சொல்ல நமக்கு மனம் வரவில்லை. மழையில் நனைகிறவன் கூடாரம் அடித்துக்கொள்வது தவறாகாது. கத்தோலிக்கருக்காவது இப்படி ஒரு கூடாரம் இருந்தது. கறுப்பின மாணவர்களின் நிலை இன்னும் கடினம். இந்தியானாபொலிஸ் நகரில் அவர்களுக்கென 1927-இல் திறக்கப்பட்ட கிறிஸ்பஸ் அட்டக்ஸ் உயர்நிலைப் பள்ளியின் அணி, ஆட்டம் தேடி வெளியூர்களுக்கும் வெளி மாநிலங்களுக்கும் நெடுந்தொலைவு போகவேண்டியிருந்தது.

1942-இல் கதவு திறந்தது. கத்தோலிக்கப் பள்ளிகளும் கறுப்பினப் பள்ளிகளும் ஒருங்கே உள்ளே வந்தன. இந்தியானாவில் தனிப் பந்தயத்தின் தேவை நீங்கியது. அதற்காக யாரும் அழுததாகத் தெரியவில்லை. மழை விட்டபின் கூடாரத்தைச் சுருட்டிக்கொள்வதுதானே இயல்பு?

நூற்று அறுபத்தொரு பேர் பள்ளி

“சாமி, உள்ளே விட்டால் போதுமா? சின்னப் பள்ளி பெரிய பள்ளியை ஜெயிக்க முடியுமா?” என்று கேட்பீர்கள். நியாயமான கேள்வி. அதே மாநிலத்தில் மைலான் என்றொரு சிற்றூர். அதன் உயர்நிலைப் பள்ளியில் மொத்தம் 161 மாணவர்களே இருந்தனர். 1954-இல் 751 பள்ளிகள் கலந்துகொண்ட பந்தயத்தில் அது இறுதி ஆட்டத்தை எட்டியது. எதிரே நின்றது மன்சி சென்ட்ரல் என்னும் பெரிய பள்ளி. கடைசி நொடிகளில் பாபி பிளம்ப் என்னும் மாணவர் எறிந்த பந்து வளையத்துள் விழ, 32க்கு 30 என்ற கணக்கில் மைலான் வென்றது. அந்த வெற்றியைத் தழுவி 1986-இல் ஒரு திரைப்படமே வந்தது.

அந்த மைலான் அணி, இறுதிக்குச் செல்லும் வழியில் வென்ற அணிகளுள் ஒன்று அட்டக்ஸ் பள்ளி அணி. தோற்ற அட்டக்ஸ் சோர்ந்துபோகவில்லை. அடுத்த ஆண்டு 1955-இல் மாநிலக் கோப்பையை வென்றது, 1956-இலும் வென்றது. அமெரிக்காவிலேயே அனைவருக்குமான மாநிலப் பந்தயத்தில் கோப்பை வென்ற முதல் கறுப்பினப் பள்ளி அதுவே. ஆனாலும் வழக்கமாக வெற்றி பெற்ற அணி கொண்டாடும் நகர நடுச் சதுக்கத்தில் அவர்களைத் தங்கவிடாமல், ஊர்வலத்தைக் கறுப்பர் வாழும் பகுதியின் பூங்காவுக்குத் திருப்பிவிட்டார்கள். கதவு திறந்து பதின்மூன்று ஆண்டுகள் ஆகியும் மனங்கள் முழுதும் திறக்கவில்லை என்பதை இதனால் அறிகிறோம்.

மைலானின் வெற்றி ஓர் அற்புதம். அற்புதங்கள் ஆண்டுதோறும் நடப்பதில்லை. ஆகவே சிறிய பள்ளிகள் அக்கம்பக்கத்துச் சிறிய பள்ளிகளோடு வட்டார அணிவகுப்புகள் அமைத்துக்கொண்டு, தங்களுக்குச் சமமானவர்களோடு ஆண்டு முழுதும் ஆடின. 1959-இல் பள்ளிகளை இணைக்க வகைசெய்யும் சட்டம் வந்தது. நாலைந்து ஊர்ப் பள்ளிகள் சேர்ந்து ஒரே பெரிய பள்ளியாயின. பள்ளியே போனபின் பந்தயம் ஏது? சிற்றூர்ப் பள்ளிகளின் வட்டார அமைப்புகள் பல ஒன்றன்பின் ஒன்றாக மறைந்தன. கோப்பைகள் கண்ணாடி அலமாரிக்குள் போயின.

இதில் இழப்பு என்ன? 1964-இல் பார்க்கர், கம்ப் என்னும் இரு அறிஞர்கள் கான்சாஸ் மாநிலப் பள்ளிகளை ஆராய்ந்து ஒரு நூல் வெளியிட்டார்கள். சிறிய பள்ளியின் மாணவன், பெரிய பள்ளி மாணவனைவிட அதிகப் பொறுப்புகளைத் தானே ஏற்றுச் செய்கிறான் என்று கண்டார்கள். காரணம் எளிது. ஆயிரம் பேர் படிக்கும் பள்ளியில் கபடிக்கு ஏழு பேர் ஆடுவர். மற்றவர் கை தட்டுவர். அறுபது பேர் படிக்கும் பள்ளியிலும் ஏழு பேர் வேண்டும். ஆகவே நோஞ்சான் பையனும் ஒருநாள் களத்தில் இறங்கியே தீரவேண்டும்! தன்னையும் ஒருவர் அழைத்தார் என்ற நினைவு அவனுக்கு வாழ்நாள் முழுதும் வரும்.

இந்தியானாவின் ஒரே கோப்பைப் பந்தயம் 1997-இல் முடிவுற்றது. அதற்கடுத்த பருவம் முதல் மாணவர் எண்ணிக்கையை வைத்து நான்கு பிரிவுகளாகப் பிரித்தார்கள். பழைய முறையே சிறந்தது என்று இன்றும் ஏங்குவோர் அங்கு உண்டு. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள். பிரித்தது மதத்தைக் கொண்டன்று, நிறத்தைக் கொண்டன்று. தலைகளை எண்ணித்தான் பிரித்தார்கள்.

பம்பாயின் ஐங்கோணப் பந்தயம்

மதத்தை வைத்துப் பிரித்தால் என்ன ஆகும் என்பதை அறிய நாம் அமெரிக்காவுக்குப் போகவேண்டியதில்லை. நம் பம்பாய் நகரமே போதும்.

நம் நாட்டில் கிரிக்கெட்டை முதலில் கைக்கொண்டவர்கள் பார்சிகள். 1848-இலேயே பம்பாயில் அவர்களுக்கு ஒரு சங்கம் இருந்தது. 1877-இல் அவர்கள் வெள்ளையரோடு மோதினார்கள். 1892 முதல் அது ஆண்டுதோறும் நடக்கும் பந்தயமாயிற்று. 1906-இல் இந்துக்களின் அணி வெள்ளையரை எதிர்த்து 109 ஓட்டங்களில் வென்றது. 1907-இல் வெள்ளையர், பார்சி, இந்து என முக்கோணப் பந்தயம் ஆயிற்று. 1912-இல் முஸ்லிம்கள் சேர, நாற்கோணமாயிற்று. 1937-இல் ‘மற்றையோர்’ என்ற பெயரில் ஐந்தாவது அணி சேர, ஐங்கோணமாயிற்று. இந்தியக் கிறிஸ்தவர்களும் ஆங்கிலோ-இந்தியர்களும் யூதர்களும் அந்த ‘மற்றையோர்’ கணக்கில்தான் வந்தார்கள். பெயரே நம்மைச் சற்றுச் சுடுகிறதல்லவா?

ஆட்டம் என்னவோ அருமையாகத்தான் இருந்தது. ஆயிரமாயிரம் பேர் திரண்டார்கள். அடிமைப்பட்ட மக்கள் ஆண்டவனாக இருந்த வெள்ளையனைத் திடலிலாவது வெல்ல முடிந்ததே என்ற பெருமையும் இருந்தது. அதுவும் தொடக்கத்தில் கூடாரமாகவே இருந்தது என்று நாம் ஒப்புக்கொள்ளவேண்டும்.

மண் குவளை

ஆனால் கூடாரத்திற்குள்ளும் ஒரு வேலி இருந்தது. 1906-இல் வெள்ளையரை வென்ற இந்து அணியின் தலைசிறந்த பந்து வீச்சாளர் பல்வங்கர் பாலு. தார்வாரில் தோல் தொழில் செய்யும் குலத்தில் பிறந்தவர். பூனாவில் மைதானத்தைக் கூட்டி, உருளை இழுத்து, மாதம் மூன்று நான்கு ரூபாய் சம்பளத்தில் வாழ்க்கையைத் தொடங்கியவர். அங்கே வெள்ளையர்களுக்குப் பயிற்சிக்காக மணிக்கணக்கில் பந்து வீசி வீசியே வல்லவரானார்.

அவர் வீசும் பந்து இந்துச் சங்கத்துக்கு வேண்டும். அவர் தொட்ட குவளை வேண்டாம்! தேநீர் இடைவேளையில் மற்றவர்கள் கூடத்துக்குள் பீங்கான் கோப்பையில் குடிக்க, பாலுவுக்கு வெளியே மண் குவளையில் கொடுக்கப்பட்டது. சாப்பாட்டுக்கும் தனி மேசை. இரட்டைக் குவளை என்றால் என்ன என்று நம் வட்டாரத்து மக்களுக்கு நாம் விளக்கவேண்டுமா?

1911-இல் இங்கிலாந்து சென்ற இந்திய அணியில் அவர் நூற்றுக்கும் மேற்பட்ட விக்கெட்டுகளை வீழ்த்தினார். இருந்தும் தம் அணிக்குத் தலைவராகும் வாய்ப்பு அவருக்குக் கடைசிவரை கிட்டவில்லை. 1920-இல் இந்த அநீதியை எதிர்த்து அவருடைய தம்பியர் ஆட்டத்திலிருந்தே விலகினார்கள். பின்னர் 1923-இல் தம்பி விட்டல் தலைவரானார். அவர் தலைமையில் இந்து அணி கோப்பையை வென்றது.

‘நம்மவர்’ என்று வேலி போட்டவன், வேலிக்குள் இருப்பவர்களையும் பிரிக்கத் தொடங்கிவிடுவான் என்பதை இதனால் அறிகிறோம். இதைச் சொல்லும்போது நம் தலையும் சற்றுக் குனிகிறது. நம் தமிழகத் திருச்சபையில் இது நடக்கவில்லையா? நெல்லைச் சீமையின் வடக்கன்குளத்தில், சாதிக்கு ஒரு பக்கமாக மக்கள் அமரும்படி இரு சிறகுகளோடு ஆலயம் கட்டி நடுவில் சுவர் வைத்தார்கள். அந்தச் சுவர் 1910-இல்தான் இடிக்கப்பட்டது. இடித்ததை எதிர்த்து உயர்நீதிமன்றம் வரை வழக்காடினார்கள், வழக்கு நிலைக்கவில்லை. ஒரே பீடத்தில் திவ்விய நற்கருணை வாங்கியவர்களே சுவருக்காக வழக்காடினார்கள் என்றால், வேலியின் ருசி எத்தகையது பாருங்கள்!

பந்தயம் முடிந்த கதை

பம்பாய்ப் பந்தயத்துக்கு எதிர்ப்பு மெல்ல வளர்ந்தது. சட்டமறுப்புப் போராட்டத்தின்போது 1930 முதல் சில ஆண்டுகள் அது நடக்கவில்லை. 1934-இல் மீண்டும் தொடங்கியது. 1940 டிசம்பரில் இந்து ஜிம்கானாவைச் சேர்ந்தவர்கள் வார்தாவில் காந்தியடிகளைச் சந்தித்துக் கருத்துக் கேட்டார்கள். கல்லூரிகளுக்கிடையே, நிறுவனங்களுக்கிடையே போட்டி நடப்பது தமக்குப் புரிகிறது என்றும், இந்து அணி, பார்சி அணி, முஸ்லிம் அணி என்று எதற்காக என்பது தமக்கு என்றுமே புரிந்ததில்லை என்றும் அவர் கூறினார். அந்த ஆண்டு இந்து அணி விலகிக்கொண்டது. ஆயினும் கூட்டமும் வருவாயும் பந்தயத்தை இன்னும் சில ஆண்டுகள் இழுத்துச் சென்றன. நாட்டில் மதக் கலவரங்கள் மூண்ட 1946-ஆம் ஆண்டில் அது ஒருவாறு மூடப்பட்டது.

அதற்குள் வேறொரு வழி பிறந்திருந்தது. 1934-இல் மாகாணங்களுக்கிடையிலான ரஞ்சி கோப்பைப் பந்தயம் தொடங்கியது. அதன் முதல் ஆட்டமே நம் சேப்பாக்கத்தில் சென்னைக்கும் மைசூருக்கும் நடந்து, ஒரே நாளில் முடிந்தது. சென்னையின் வெற்றிக்குப் பதினொரு விக்கெட் எடுத்துக் கொடுத்தவர் ராம்சிங் என்னும் சீக்கியர்! ‘எந்த மதம்’ என்ற கேள்வி போய் ‘எந்த ஊர்’ என்ற கேள்வி வந்துவிட்டது. சென்னையில் பொங்கலையொட்டி இந்தியருக்கும் ஐரோப்பியருக்கும் நடந்துவந்த மாகாணப் பந்தயமும் 1952-ஆம் ஆண்டோடு நின்றுபோயிற்று.

சேப்பாக்கத்தில் ஒரு நாள்

இங்கு ஒரு கிறிஸ்தவரைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. விஜய் ஹசாரே, சாங்லியில் பிறந்த மராத்தியக் கிறிஸ்தவர். 1943-இல் ஐங்கோணப் பந்தயத்தின் இறுதி ஆட்டத்தில் ‘மற்றையோர்’ அணிக்காக ஆடினார். இந்து அணி 581 ஓட்டங்கள் குவித்திருந்தது. ‘மற்றையோர்’ முதல் முறை 133-இல் சுருண்டனர். இரண்டாம் முறை எடுத்த 387 ஓட்டங்களில் 309 ஹசாரே ஒருவரே அடித்தவை! அவருடைய தம்பி விவேக் ஒருபுறம் தாக்குப்பிடித்து நிற்க, இருவரும் சேர்ந்து 300 ஓட்டங்கள் சேர்த்தார்கள். அப்படியும் ஓர் இன்னிங்சும் 61 ஓட்டங்களும் வித்தியாசத்தில் அணி தோற்றது. சிறு கூட்டத்தில் ஒருவன் எவ்வளவுதான் சுமப்பான்?

இனி 1952 பிப்ரவரிக்கு வாருங்கள். அதே சேப்பாக்கம். இந்தியா இங்கிலாந்தை ஓர் இன்னிங்சும் எட்டு ஓட்டங்களும் வித்தியாசத்தில் வென்றது. டெஸ்ட் ஆட்டத்தில் இந்தியா பெற்ற முதல் வெற்றி அதுவே. அணித்தலைவர் விஜய் ஹசாரே! பன்னிரண்டு விக்கெட் எடுத்த மன்கட் இந்து. நூற்று முப்பது ஓட்டம் அடித்து ஆட்டமிழக்காமல் நின்ற உம்ரிகர் பார்சி. முஷ்டாக் அலியும் குலாம் அகமதுவும் முஸ்லிம்கள். சென்னையின் கோபிநாத்தும் இருந்தார். பம்பாயில் தனித்தனியே மோதிய கூட்டங்கள் எல்லாம் ஒரே அணியில் நின்றன. தலைமை தாங்கியவரோ ‘மற்றையோர்’ என்று ஒதுக்கப்பட்ட கூட்டத்தைச் சேர்ந்தவர். தனி வேலிக்குள் 309 அடித்தும் கிடைக்காத வெற்றி, வேலி நீங்கியபின் கிடைத்தது.

நம் முடிவு

இப்போது நம் இளைஞர் கேட்ட கேள்விக்கு வருவோம். அவர் கேட்டதில் இரண்டு ஆசைகள் பின்னிக் கிடந்தன. சின்னப் பள்ளிப் பிள்ளைகளுக்கும் ஆட வாய்ப்பு வேண்டும் என்பது ஒன்று. அது நூற்றுக்கு நூறு சரி. ‘நம்மவர்’ மட்டும் ஆடவேண்டும் என்பது மற்றொன்று. அதற்கு நாம் உடன்பட முடியாது. நமக்கு எதிராக இங்கு யார் கதவை அடைத்திருக்கிறார்கள், நாம் கூடாரம் அடிக்க?

இன்னொன்றையும் எண்ணிப் பார்க்க வேண்டுகிறோம். 2024 ஜூன் மாதத்தை இந்தக் கருணாபுரம் மறக்க முடியுமா? நச்சுச் சாராயம் அறுபதுக்கும் மேற்பட்ட உயிர்களைக் கொண்டுபோயிற்று. ஒரே தெருவில் அடுத்தடுத்த வீடுகளில் பந்தல் போட்டார்கள். தகப்பனை இழந்த பிள்ளைகள் இன்று நம் தெருக்களில் வளர்கிறார்கள். மாலையில் அவர்கள் போக ஒரு திடல் இருக்கிறதா, அவர்கள் பெயரைச் சொல்லிக் கூப்பிட ஓர் அணி இருக்கிறதா என்பது வெறும் விளையாட்டுப் பேச்சன்று. ஞானஸ்நானப் பதிவேட்டைப் புரட்டி அணி சேர்த்தோமானால், அவர்களில் பலர் கயிற்றுக்கு வெளியே நின்று பார்ப்பார்கள். “மற்ற பிள்ளைகள் வந்து பார்க்கட்டும்” என்று அன்று சொன்ன பெரியவர், அந்த முகங்களை நினைத்துப் பார்த்தால் தாமே மனம் மாறுவார் என்று நம்புகிறோம்.

ஆகவே விழாக் குழுவினருக்கு நமது யோசனை இது. சிறிய பள்ளிகளுக்கென்று ஒரு பந்தயம் நடக்கட்டும். சிறியது எது என்பதை மாணவர் எண்ணிக்கை முடிவு செய்யட்டும். நம் பங்குப் பள்ளியும், அரசு நடுநிலைப் பள்ளியும், கல்வராயன் மலையிலிருந்து இறங்கி வரும் பழங்குடிப் பிள்ளைகளின் உறைவிடப் பள்ளியும் ஒரே பட்டியலில் இருக்கட்டும். பையன்களுக்குக் கபடியும் கைப்பந்தும் என்றால் பெண்பிள்ளைகளுக்கும் அவையே இருக்கட்டும். ஓர் அணியில் ஏழு பேர் என்றால், மாற்று ஆட்டக்காரர் ஒவ்வொருவரும் ஒருமுறையாவது களம் இறங்கவேண்டும் என்று விதி செய்வோம். தண்ணீர்ப் பானை ஒன்றே. குவளையும் எல்லாருக்கும் ஒன்றுபோலவே!

அப்படி வைத்தால் கோப்பை நம் கையைவிட்டுப் போய்விடாதா? போகலாம். முதல் ஆண்டே மலைப் பிள்ளைகள் தட்டிக்கொண்டு போகலாம். போகட்டுமே. 1954-இல் மைலானிடம் தோற்ற அட்டக்ஸ் 1955-இல் வென்றதைப் போல, நாமும் மறு ஆண்டு முயன்று பார்ப்போம்.

பந்தயத் திடலில் ஓடுகிறவர்களைப் புனித சின்னப்பர் தம் திருமுகத்தில் உவமையாக எடுத்துக்காட்டியிருக்கிறார். அவரே எபேசியருக்கு எழுதுகையில், இரு மக்களினங்களைப் பிரித்து நின்ற இடைச்சுவரைத் தம் உடலால் இடித்தவர் கிறிஸ்து என்கிறார். இடித்தவருடைய பெயரால் விழா எடுக்கும் நாம், அவ்விழாவிலேயே ஒரு சுவரை எழுப்பலாமா?

ஜூபிலி என்ற சொல்லே விடுதலையின் சொல். பழைய ஏற்பாட்டுக் காலத்தில் ஐம்பதாம் ஆண்டு எக்காளம் ஊதினால் அடிமைகள் வீடு திரும்பினார்கள், பறிபோன நிலம் உரியவனிடம் வந்தது. நம் ஜூபிலியில் விளையாட்டுத் திடலாவது எல்லாப் பிள்ளைகளிடமும் வந்து சேரட்டும். திடலைச் சுற்றிக் கயிறு கட்டப்போகும் இளைஞர்களே, பிள்ளைகள் உள்ளே நுழைவதற்கு ஓர் அகலமான வழி விட்டுக் கட்டுங்கள். ஆட்டத்தைத் தொடங்கி வைக்க நாமும் வந்துவிடுகிறோம்.

இறைவன் உங்களை ஆசீர்வதிப்பாராக!